மெதுவாக ஆறுகிற மனதோடு ஜெபிப்பது எப்படி?

நாற்பதாம் நாள் ஜெபமோ முப்பதாம் நாள் பூசையோ முடிந்ததும் வீட்டில் ஆள் நடமாட்டம் குறைந்துவிடும். வெளியூர்ச் சொந்தங்கள் ஊர் திரும்பிவிடுவார்கள். துக்கம் பலருக்கு அதற்குப் பிறகுதான் முழுதாக வந்து உட்காருகிறது. "ஜெபம் பண்ணுங்க, எல்லாம் சரியாயிடும்" என்று எல்லோரும் சொல்லிவிட்டுப் போயிருப்பார்கள். ஆனால் முழங்கால் போட்டால் வார்த்தை வராது. வேதத்தைத் திறந்தால் ஒரே வரியைத் திரும்பத் திரும்பப் படித்துக்கொண்டிருப்போம். மாதங்கள் ஓடும். மனம் மட்டும் போட்டது போட்டபடி கிடக்கும்.

அந்த நிலையில் இருக்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். சாவு வீட்டாருக்கு மட்டும் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். மணமுறிவு, கருச்சிதைவு, சின்ன வயதில் பட்ட காயம், காரணமே தெரியாமல் வந்து ஒட்டிக்கொண்ட மனச்சோர்வு என்று எதுவாக இருந்தாலும் கீழே சொல்வதில் பெரும்பகுதி பொருந்தும். நான் கிறிஸ்தவ விசுவாசத்துக்குள் இருந்து எழுதுகிறேன். மேற்கோள்கள் சபைகளில் வழக்கமாகப் படிக்கிற பழைய தமிழ் வேதாகமத்தில் உள்ளவை. கத்தோலிக்கர்கள் சங்கீதங்களைத் திருப்பாடல்கள் என்ற தலைப்பில் அதே எண்களில் பார்க்கலாம்.

முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். மனம் ஆற நாளாவதை வைத்து உங்கள் விசுவாசத்தை யாரும் அளக்க முடியாது. ஆறாத நாட்களிலும் கடவுளோடு பேச்சை விட்டுவிடாமல் இருப்பதைத்தான் நான் நம்பிக்கை என்கிறேன். அந்தப் பேச்சு அழுகையாக இருக்கலாம், கோபமாக இருக்கலாம், "ஏன்?" என்ற ஒரு சொல்லோடு நின்றும் போகலாம். அதற்கான வழிகளைத்தான் இனி பார்க்கப்போகிறோம்.

முதலில் சாப்பாடும் தூக்கமும்

1 இராஜாக்கள் 19-ஆம் அதிகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கர்மேல் மலையில் அவ்வளவு பெரிய வெற்றி கண்ட எலியா, யேசபேலின் மிரட்டலைக் கேட்டு வனாந்தரத்துக்கு ஓடிப்போய், ஒரு சூரைச்செடியின் கீழ் உட்கார்ந்து, "போதும் கர்த்தாவே, என் ஆத்துமாவை எடுத்துக்கொள்ளும்" என்கிறார். சொல்லிவிட்டுத் தூங்கிப்போகிறார். அடுத்து வருவது பிரசங்கமாக இருக்கும் என்றுதான் நாம் நினைப்போம். வந்ததோ தழலில் சுட்ட ஓர் அடையும் ஒரு பாத்திரம் தண்ணீரும். தூதன் அவரைத் தட்டி எழுப்பி, "எழுந்திருந்து போஜனம்பண்ணு" என்கிறான். எலியா சாப்பிட்டுவிட்டு மறுபடியும் படுத்துக்கொள்கிறார். அதற்கும் கண்டிப்பு இல்லை. இரண்டாம் முறையும் எழுப்பி, "நீ பண்ணவேண்டிய பிரயாணம் வெகுதூரம்" என்று சொல்லிச் சாப்பிடச் சொல்கிறான். கடவுள் அவரிடம் "இங்கே உனக்கு என்ன காரியம்?" என்று கேட்பதெல்லாம் நாற்பது நாள் நடந்து ஓரேப் மலையை அடைந்த பிறகுதான்.

ஆகவே தொடக்க வாரங்களில் உங்கள் ஆவிக்குரிய கடமை என்று நான் சொல்வது மிகச் சிறியது. மூன்று வேளையும் நேரத்துக்குச் சாப்பிடுங்கள், பசிக்காவிட்டாலும் கஞ்சியாவது குடியுங்கள். ஒரு வேளையாவது இன்னொருவரோடு உட்கார்ந்து சாப்பிடுங்கள். சர்க்கரை, ரத்த அழுத்த மாத்திரைகளைத் தவறவிடாதீர்கள். துக்க வீடுகளில் பெரியவர்கள் முதலில் மறப்பது அதைத்தான். வெயில் தாழ்ந்ததும் தெருமுனை வரை நடந்துவிட்டு வாருங்கள்.

உபவாசம் பற்றிச் சொல்ல வேண்டும். மனம் நொந்திருப்பவரிடம் "மூன்று நாள் உபவாசம் எடுங்க" என்று சொல்வது நம் சபைகளில் சகஜம். ஏற்கெனவே சாப்பாடு இறங்காமல் இளைத்துக்கொண்டிருப்பவர் உபவாசம் இருக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. முழு இரவு ஜெபமும் அப்படித்தான். தூக்கம் கெட்டவருக்குத் தேவை தூக்கம். எலியாவுக்குக் கடவுள் அதைத்தானே கொடுத்தார்?

ஜெபம் வராதபோது சங்கீதம் 13

சங்கீதங்கள் மொத்தம் 150. அவற்றில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு புலம்பலும் முறையீடுமாக இருக்கிறது. ஆனால் ஞாயிறு ஆராதனையில் நாம் பாடுவதும் காலண்டர் தாளில் அச்சடிப்பதும் பெரும்பாலும் மீதியுள்ளவற்றை. அதனால்தான் அடிபட்டு வருகிறவருக்குத் தன் நிலையைச் சொல்ல வேதத்தில் வார்த்தையே இல்லை என்று தோன்றிவிடுகிறது. வார்த்தை நிறைய இருக்கிறது. தொடங்க நல்ல இடம் 13-ஆம் சங்கீதம். ஆறே வசனம்.

அதை வாய்விட்டுப் படியுங்கள். மனதுக்குள் படித்தால் எண்ணம் எங்கேயோ ஓடிவிடும். முதல் இரண்டு வசனங்களில் தாவீது நான்கு தடவை "எதுவரைக்கும்" என்று கேட்கிறார். "கர்த்தாவே, எதுவரைக்கும் என்னை மறந்திருப்பீர்?" என்பதுதான் முதல் கேள்வி. கடவுள் யாரையும் மறப்பதில்லை என்ற உபதேசம் தாவீதுக்குத் தெரியாதா என்ன? தெரிந்தும், தனக்கு எப்படித் தோன்றுகிறதோ அப்படியே சொல்கிறார். அந்தச் சொல் வேதத்திலேயே ஏறியிருக்கிறது. நீங்களும் சொல்லலாம்.

அப்புறம் வேண்டுதல். "நீர் நோக்கிப்பார்த்து, எனக்குச் செவிகொடுத்தருளும்" என்று கேட்கிறார். கேட்பது சின்னதுதான்: என்னைப் பாரும், பதில் சொல்லும், என் கண்களைத் தெளிவாக்கும். கடைசி இரண்டு வசனங்கள்தான் "நான் உம்முடைய கிருபையின்மேல் நம்பிக்கையாயிருக்கிறேன்" என்று திரும்புகின்றன. நடுவில் நிலைமை மாறியதாக ஒரு வார்த்தைகூட இல்லை. எதிரி அப்படியே இருக்கிறான், சஞ்சலம் அப்படியே இருக்கிறது.

இனி உங்கள் முறை. ஒரு நோட்டில் இந்த மூன்று பகுதிகளையும் உங்கள் சொந்த வார்த்தையில் எழுதுங்கள். முறையீட்டுக்கு இரண்டு மூன்று வரி, வேண்டுதலுக்கு ஒரு வரி, நம்பிக்கைக்கு ஒரு வரி, அவ்வளவு போதும். எழுத்து நடையில் இருக்க வேண்டியதில்லை. "ஆண்டவரே, அவர் சட்டை இன்னும் கொடியில தொங்குது. எடுக்கவும் முடியல, பாக்கவும் முடியல. இன்னிக்கி ராத்திரி மட்டும் தூங்க வையும். நேத்து ராத்திரி எப்படியோ கடந்துது, நீர்தான் கடத்தியிருக்கணும்." இப்படி எழுதினால் அது முழுமையான ஜெபம். பேரைச் சொல்லி, பொருளைச் சொல்லி, நாளைச் சொல்லி எழுதுங்கள். "என் கஷ்டங்கள் எல்லாவற்றையும் மாற்றும்" என்று பொதுவாக எழுதினால் உங்கள் கையிலேயே எதுவும் நிற்காது.

மூன்றாவது பகுதி வராத நாட்கள் உண்டு. "நம்பிக்கையாயிருக்கிறேன்" என்று எழுதினால் பொய் எழுதுவதுபோல இருக்கும். எழுத வேண்டாம். அந்த நாளுக்கு 88-ஆம் சங்கீதம் இருக்கிறது. அது "என் இரட்சிப்பின் தேவனாகிய கர்த்தாவே" என்று தொடங்குகிறது, இரவும் பகலும் கூப்பிட்டதைச் சொல்கிறது, கடைசி வசனத்தில் "எனக்கு அறிமுகமானவர்கள் மறைந்துபோனார்கள்" என்று சொல்லி முடிந்துவிடுகிறது. நம்பிக்கை வரி என்று தனியாக எதுவும் முடிவில் ஒட்டவைக்கப்படவில்லை. கூப்பிட்டுக்கொண்டே இருந்தார் என்பதுதான் அதில் உள்ள நம்பிக்கை. இந்தச் சங்கீதத்தை வேதத்தில் விட்டுவைத்ததற்காக நான் கடவுளுக்கு மனதார நன்றி சொல்கிறேன்.

அதுவும் முடியவில்லையா? சும்மா உட்காருங்கள். என்ன வேண்டிக்கொள்வதென்று நமக்குத் தெரியாதபோது ஆவியானவரே வாக்குக்கடங்காத பெருமூச்சுகளோடு நமக்காக வேண்டுகிறார் என்று ரோமர் 8:26 சொல்கிறது. பெருமூச்சையே ஜெபமாக ஏற்றுக்கொள்கிறவர் முன்னால் வார்த்தைக்குத் திண்டாட வேண்டியதில்லை.

நேரத்தைப் பொறுத்தவரை, பத்து நிமிடத்தில் தொடங்குங்கள். முன்பு ஒரு மணி நேரம் ஜெபித்தவராக இருந்தாலும் இப்போது பத்து நிமிடம்தான். விடியற்காலை நல்லது என்பார்கள். மனச்சோர்வு உள்ள பலருக்கு விடியற்காலைதான் நாளிலேயே கனமான நேரம். உங்களுக்கு எந்த நேரம் கொஞ்சம் லேசாக இருக்கிறதோ அதை எடுத்துக்கொள்ளுங்கள், மாலை நாலு மணியாக இருந்தாலும் சரி. ஒரு நாள் விட்டுப்போனால் மறுநாள் இரண்டு மடங்காக ஈடுகட்டப் பார்க்காதீர்கள். அன்றைய பத்து நிமிடம் போதும். நோட்டில் தேதி மட்டும் கட்டாயம் போடுங்கள். ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

சபைக்குப் போவதும் சாட்சியும்

நம் சபைகளில் சாட்சி நேரம் என்று ஒன்று உண்டு. "மூன்று மாதமாக இருந்த வலி, ஜெபித்த அன்றே போனது" என்று ஒருவர் எழுந்து சொல்லுவார். கடவுள் அப்படியும் செய்கிறார், நான் சந்தேகப்படவில்லை. ஆனால் பின்வரிசையில் இரண்டு வருடமாக ஆறாத மனதோடு உட்கார்ந்திருப்பவருக்கு ஒவ்வொரு சாட்சியும், "உனக்கு மட்டும் ஏன் நடக்கவில்லை?" என்று கேட்பதுபோல இருக்கும். ஆறாதவர்கள் எழுந்து பேச அங்கே இடமே இல்லை.

அந்தக் கேள்வி எழும்போது மாற்கு 8-ஆம் அதிகாரத்தை நினைத்துக்கொள்ளுங்கள். பெத்சாயிதாவில் ஒரு குருடனை இயேசுவிடம் கொண்டுவருகிறார்கள். இயேசு அவன் கையைப் பிடித்து ஊருக்கு வெளியே கூட்டிக்கொண்டுபோகிறார். கண்களில் உமிழ்ந்து, அவன்மேல் கைகளை வைத்து, எதையாவது காண்கிறாயா என்று கேட்கிறார். "நடக்கிற மனுஷரை மரங்களைப்போலக் காண்கிறேன்" என்கிறான். அரைகுறைப் பார்வை. மறுபடியும் கையை வைக்கிறார், அப்போதுதான் தெளிவாகிறது. தொட்டது இயேசுவின் கை, ஆனாலும் இரண்டு தடவையாகத்தான் நடந்தது. முதல் தடவைக்கும் இரண்டாம் தடவைக்கும் நடுவில் நின்ற அந்த மனிதனை அவர் குறைசொல்லவில்லை. தெரிந்ததைத் தெரிந்தபடி சொன்னதையும் ஏற்றுக்கொண்டார். யாராவது "எப்படி இருக்கீங்க?" என்று கேட்டால், "முன்னைக்குக் கொஞ்சம் பரவாயில்லை, இன்னும் முழுசா ஆகல" என்று சொல்ல அந்த மனிதன் உங்களுக்கு அனுமதி கொடுத்திருக்கிறான்.

பவுலின் கதை இன்னும் கடினமானது. மாம்சத்தில் கொடுக்கப்பட்ட முள் நீங்க வேண்டும் என்று மூன்று தரம் வேண்டினார் (2 கொரிந்தியர் 12). முள் எடுக்கப்படவில்லை. "என் கிருபை உனக்குப்போதும்" என்ற பதில்தான் கிடைத்தது. "விசுவாசம் போதவில்லை, அதனால்தான் சுகமாகவில்லை" என்று உங்களிடம் யாராவது சொன்னால், பவுலிடமும் அதைச் சொல்வார்களா என்று அமைதியாகக் கேளுங்கள்.

நடைமுறைக்கு வருவோம். தொடக்கத்தில் முழு ஆராதனையும் உட்கார முடியாவிட்டால் பாதியில் வாருங்கள், வாசலுக்குப் பக்கத்தில் உட்காருங்கள், அழுகை வந்தால் எழுந்து வெளியே போய்விட்டு வாருங்கள். பாட முடியாதபோது பக்கத்தில் இருப்பவர்கள் பாடுவதைக் கேட்டுக்கொண்டிருப்பதும் ஆராதனைதான். சபை முழுவதற்கும் உங்கள் கதை தெரிய வேண்டியதில்லை. ஜெபக் குறிப்பு என்ற பெயரில் வீட்டு விஷயம் வாட்ஸ்அப் குழுவில் சுற்றுவதும் நடக்கிறது. ஒரே ஒருவரைத் தேர்ந்தெடுங்கள்: வாயைக் கட்டத் தெரிந்தவர், அறிவுரை சொல்ல அவசரப்படாதவர், முடிந்தால் தானும் ஏதாவது ஒரு இழப்பைக் கடந்தவர். அவரிடம் இன்னதுதான் வேண்டும் என்று வெளிப்படையாகக் கேளுங்கள். "அக்கா, வாரத்துக்கு ஒரு தடவை போன் பண்ணுங்க. நான் பேசலைன்னாலும் லைன்ல இருங்க." இப்படிக் கேட்டால் பெரும்பாலும் யாரும் மறுப்பதில்லை. என்ன செய்வதென்று தெரியாமல்தான் பலர் ஒதுங்கி நிற்கிறார்கள்.

காணிக்கை கேட்டு, பிசாசு பிடித்திருக்கிறது என்று பயமுறுத்தி, வீட்டாரிடமிருந்து பிரித்து வைத்து ஜெபிக்கிறவர்களிடம் போகாதீர்கள். மாத்திரையை நிறுத்தினால்தான் ஜெபிப்பேன் என்று ஒருவர் சொன்னால், அந்த இடத்தைவிட்டு அப்போதே எழுந்து வந்துவிடுங்கள்.

மருந்தும் ஜெபமும்

எசேக்கியா ராஜா மரணத்துக்கு ஏதுவான வியாதியில் கிடந்தபோது சுவர்ப்புறமாகத் திரும்பி அழுது ஜெபித்தார். கடவுள் கேட்டார். ஆயுசில் 15 வருஷம் கூட்டித் தருவேன் என்று வாக்கும் கொடுத்தார். அதற்குப் பிறகும் ஏசாயா, அத்திப்பழத்து அடையைக் கொண்டுவந்து பிளவை என்கிற அந்தக் கட்டியின்மேல் பற்றுப்போடச் சொல்கிறார் (ஏசாயா 38). வாக்குத்தத்தமும் இருந்தது, பற்றும் போட்டார்கள். எசேக்கியா பற்றை வேண்டாம் என்று தள்ளியதாக எங்கும் எழுதவில்லை.

மனச்சோர்வும் பிளவையைப்போல வைத்தியம் தேவைப்படுகிற நோய்தான். இரண்டு வாரத்துக்கு மேல் ஏறக்குறைய எல்லா நாளும் மனம் இறுகியே இருக்கிறது, முன்பு பிடித்த எதிலும் நாட்டம் இல்லை, தூக்கமும் பசியும் கெட்டுவிட்டது, வேலை ஓடவில்லை, நான் எதற்கும் லாயக்கில்லை என்ற எண்ணம் விடாமல் வருகிறது என்றால் மருத்துவரைப் பாருங்கள். முதலில் பொது மருத்துவரிடமே போகலாம். தைராய்டு குறைபாடு, ரத்தசோகை, பி12 குறைபாடு இவையும் மனதை இப்படிக் கீழே இழுக்கும். எளிய ரத்தப் பரிசோதனையில் தெரிந்துவிடும். துக்கம் வேறு, மனச்சோர்வு நோய் வேறு. என்றாலும் அன்பானவர் இறந்து ஆறு மாதத்துக்கு மேலாகியும் அந்த ஏக்கம் முதல் வாரத்தின் வேகத்திலேயே இருந்து அன்றாட வாழ்க்கையை நடத்தவிடாமல் செய்தால், அதையும் சிகிச்சை தேவைப்படும் நிலையாக உலக சுகாதார நிறுவனம் வகைப்படுத்தியிருக்கிறது.

தமிழ்நாட்டில் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளிலும் மாவட்டத் தலைமை மருத்துவமனைகளிலும் மனநலப் பிரிவு இருக்கிறது, செலவில்லாமல் பார்க்கலாம். வேலூர் சிஎம்சியின் மனநல மையம் பாகாயத்தில் இருக்கிறது. நோயாளியோடு குடும்பத்தாரும் தங்கிச் சிகிச்சையில் பங்கெடுக்கும் முறைக்கு அந்த மையம் பெயர்பெற்றது. 1900-இல் ஐடா ஸ்கடர் என்ற மிஷனரி மருத்துவர் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கிய மருத்துவமனைதான் சிஎம்சி. ஜெபமும் மருந்தும் ஒரே கூரையின் கீழ் இருக்கலாம் என்று நம்பியவர்கள் கட்டியதில்தான் நம்மில் எத்தனையோ பேர் பிழைத்திருக்கிறோம். மனதுக்கு என்று வரும்போது மட்டும் ஏன் தயங்க வேண்டும்?

மாத்திரை கொடுத்தால் ஒரு விஷயம் தெரிந்திருக்க வேண்டும். மனச்சோர்வுக்கான மாத்திரைகள் போட்டவுடன் வேலை செய்யாது. பலன் தெரியப் பொதுவாக இரண்டு முதல் நான்கு வாரம் ஆகும், முழுப் பலனுக்கு அதைவிட அதிகமாகவும் ஆகலாம். வாய் உலர்வது, வயிற்றுக் குமட்டல் போன்ற தொந்தரவுகள் முதலில் வந்து, நன்மை பின்னால் வரும். பலர் முதல் வாரத்திலேயே நிறுத்திவிடுவது இதனால்தான். கொஞ்சம் தேறியதும் "சாட்சியாக" நிறுத்திவிடுகிறவர்களும் உண்டு. திடீரென்று நிறுத்தினால் தலைசுற்றல், படபடப்பு வரலாம், நோயும் திரும்பலாம். எப்போது குறைப்பது என்பதை மருத்துவர் சொல்லட்டும். ஒவ்வொரு நாளும் மாத்திரையைக் கையில் எடுக்கும்போது ஒரு வரி ஜெபம் சொல்லிவிட்டுப் போடுங்கள். அந்தக் காத்திருப்பும் கடவுளை நம்பிக் காத்திருப்பதுதான்.

செத்துவிடலாம் என்ற எண்ணம் வந்தால் அதைப் பாவம் என்று பயந்து மறைக்காதீர்கள். எலியா மட்டுமல்ல, மோசேயும் யோனாவும்கூடச் சாவைக் கேட்டுக் கடவுளிடம் பேசியிருக்கிறார்கள். கடவுளிடம் சொல்லுங்கள், கூடவே ஒரு மனிதரிடமும் இன்றைக்கே சொல்லுங்கள், தனியாக இருக்காதீர்கள். இந்தியாவில் 14416 என்ற எண்ணில் டெலிமானஸ் உதவி மையத்தை எந்த நேரத்திலும் கட்டணமில்லாமல் அழைக்கலாம், தமிழில் பேசலாம். தமிழ்நாட்டில் 104 எண்ணும் உண்டு. இலங்கையில் தேசிய மனநல நிறுவனத்தின் எண் 1926.

காயம் இன்னொருவர் செய்தது என்றால்

இங்கே "மன்னித்துவிடுங்கள், சுகமாகிவிடும்" என்ற ஆலோசனை சீக்கிரமாக வந்துவிடும். மன்னிப்பு கர்த்தரின் கட்டளை, நான் அதைக் குறைக்கவில்லை. ஆனால் அதை அவசரப்படுத்தக் கூடாது, திரும்ப அதே வீட்டுக்குள் போய் அடிவாங்குவதோடு அதைச் சேர்த்துக் குழப்பவும் கூடாது. தாவீது, தன்னைக் கொல்லத் தேடிய சவுல் ராஜாவைக் கொல்லக் கிடைத்த வாய்ப்பை இரண்டு தடவை விட்டுவிட்டார். அதற்காக சவுலின் அரண்மனைக்குத் திரும்பிப்போய் குடியிருக்கவில்லை, தூரத்திலேயே நின்றார்.

யோசேப்பைப் பாருங்கள். 17 வயதில் சகோதரர்கள் விற்றுப்போட்டார்கள், 30 வயதில் பார்வோன் முன் நின்றார். முதல் மகன் மனாசே பிறந்தபோது, தன் வருத்தம் யாவையும் மறக்கும்படி தேவன் பண்ணினார் என்று சொல்லித்தான் அந்தப் பெயரை வைத்தார். எல்லாம் ஆறிவிட்டது என்று அவரே நினைத்த காலம் அது. பிறகு தானியம் வாங்க அந்தச் சகோதரர்கள் வந்து நின்றபோது ஒதுங்கிப்போய் அழுகிறார். தம்பி பென்யமீனைப் பார்த்ததும் அறைக்குள் போய் அழுகிறார். தன்னை யாரென்று சொல்லும்முன் அவர்களைச் சோதித்துப் பார்க்கிறார். தன்னை விற்கச் சொன்ன அண்ணன் யூதா மாறியிருக்கிறான் என்று தெரிந்த பிறகே வெளிப்படுத்துகிறார். தகப்பன் எகிப்தில் 17 வருஷம் இருந்து இறந்த பிறகு, சகோதரர்கள் பழையதைக் கிளறியபோது இன்னும் ஒரு தடவை அழுகிறார். மன்னித்தவர்தான், மனதாரத்தான். ஆனாலும் அழுகை பல தவணையாக வந்தது.

எனவே இப்போதைக்கு "மன்னிக்க விரும்புகிறேன், முடியவில்லை, உதவும்" என்று ஜெபித்தால் போதும். இப்போதும் வன்முறை நடந்துகொண்டிருந்தால் முதல் வேலை பாதுகாப்பு. இந்தியாவில் பெண்களுக்கு 181, குழந்தைகளுக்கு 1098.

தேதிகளுக்கு முன்கூட்டியே ஏற்பாடு

நினைவு நாள், பிறந்த நாள், கல்யாண நாள் வரும் வாரங்களில் மனம் முன்னறிவிப்பில்லாமல் சரியும். நவம்பர் 2 கல்லறைத் திருநாள் அன்று பூவும் மெழுகுவர்த்தியுமாகக் கல்லறைக்குப் போவது நம்மிடம் இருக்கிற நல்ல வழக்கம். எல்லோரும் சேர்ந்து, வெட்கமில்லாமல், இறந்தவர் பேரைச் சொல்லி அழ ஒரு நாள். அந்தப் பழக்கம் இல்லாத சபையாரும் வீட்டளவில் ஒரு நாளை அப்படி வைத்துக்கொள்ளலாம்.

கிறிஸ்துமஸ் இன்னும் கஷ்டம். 2004 டிசம்பர் 26, கிறிஸ்துமஸுக்கு மறுநாள் ஞாயிறு காலையில் சுனாமி வந்தது. வேளாங்கண்ணியிலும் நாகப்பட்டினத்திலும் கன்னியாகுமரி மாவட்டக் கடற்கரையிலும் உறவுகளைப் பறிகொடுத்தவர்களுக்குப் பண்டிகையும் நினைவு நாளும் ஒட்டியே வருகின்றன. உங்கள் வீட்டிலும் பண்டிகை அப்படி ஆகியிருந்தால், டிசம்பர் முதல் வாரத்திலேயே வீட்டாரோடு பேசி முடிவெடுங்கள். ஸ்டார் போடுவதா வேண்டாமா, கேக் யார் செய்வது, நள்ளிரவு ஆராதனைக்கா காலை ஆராதனைக்கா, யார் வீட்டில் சாப்பாடு, எப்போது கிளம்பிவிடலாம். முடிவெடுத்து வைத்தால் அந்த நாளை வெறுங்கையோடு எதிர்கொள்ள வேண்டியிராது. இந்த வருஷம் வேண்டாம் என்று முடிவெடுப்பதும் முடிவுதான்.

ஆறுகிறது என்று எப்படித் தெரியும்?

நோட்டில் தேதி போடச் சொன்னது இதற்காகத்தான். நாளுக்கு நாள் பார்த்தால் எதுவும் தெரியாது. மூன்று மாதத்துக்கு ஒரு தடவை, மனம் சற்று நிதானமாக இருக்கும் ஒரு நாளில், பின்னால் திருப்பிப் பாருங்கள். கூடவே இருப்பவரையும் கேளுங்கள். நமக்கு முன்னால் அவர்களுக்குத் தெரிந்துவிடும். தேட வேண்டிய அடையாளங்கள் சின்னவை. சாப்பாட்டில் உப்பு இல்லை என்று சொல்லத் தொடங்கியிருப்பீர்கள். இறந்தவரைப் பற்றிப் பேசும்போது அவர் இறந்த விதம் மட்டுமல்லாமல் அவர் செய்த வேடிக்கையும் வாயில் வரும். வேறொருவர் பேர் உங்கள் ஜெபத்தில் நுழைந்திருக்கும். கடவுளிடம் கேட்கிற கேள்வி "ஏன்?" என்பதிலிருந்து "இப்போ என்ன செய்ய?" என்று சில நாட்களில் மாறியிருக்கும், மறுநாளே பழையபடி "ஏன்?" என்றும் ஆகியிருக்கும்.

அந்தப் பின்னடைவைக் கண்டு பயப்படாதீர்கள். 42, 43-ஆம் சங்கீதங்களைச் சேர்த்துப் படித்தால், "என் ஆத்துமாவே, நீ ஏன் கலங்குகிறாய்? தேவனை நோக்கிக் காத்திரு" என்ற பொருளில் மூன்று தடவை வருகிறது. முதல் தடவை சொன்னதோடு கலக்கம் போயிருந்தால் அடுத்த இரண்டு தேவைப்பட்டிருக்காது. தன் மனதுக்குத் தானே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொள்ள வேண்டியிருந்திருக்கிறது. உங்களுக்கும் இருக்கும்.

பக்கத்தில் இருப்பவர்களுக்கு

இதைத் துக்கத்தில் இருப்பவர் படிக்கும் மனநிலையில் இல்லாமல், அவருடைய தம்பியோ தோழியோ படித்துக்கொண்டிருக்கலாம். உங்களுக்குச் சில வார்த்தைகள்.

யோபுவின் நண்பர்கள் ஏழு நாள் இரவும் பகலும் ஒரு வார்த்தையும் பேசாமல் தரையில் அவரோடு உட்கார்ந்திருந்தார்கள். அது வரைக்கும் சரியாகத்தான் செய்தார்கள். வாயைத் திறந்து காரணம் சொல்லத் தொடங்கியதும் கெட்டது. முடிவில் கர்த்தர் கோபப்பட்டது முறையிட்ட யோபுவின்மேல் அல்ல, விளக்கம் சொன்ன நண்பர்கள்மேல். ஆகவே "எல்லாம் கர்த்தருடைய சித்தம்", "இன்னொரு குழந்தை பிறக்கும்", "அவர் நல்ல இடத்துக்குப் போயிட்டார்" என்பதையெல்லாம் விட்டுவிடுங்கள். லாசருவின் கல்லறைக்குப் போகும் வழியில் இயேசுவே கண்ணீர்விட்டார், சில நிமிடத்தில் அவனை எழுப்பப்போகிறார் என்று தெரிந்தும்.

"ஏதாவது வேணும்னா சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு வராதீர்கள், அவர் சொல்ல மாட்டார். செவ்வாய்க்கிழமை மதியச் சாப்பாடு கொண்டு வருகிறேன் என்று சொல்லிக் கொண்டுபோய்க் கொடுங்கள். வாரிசுச் சான்றிதழுக்கும் வங்கிக்கும் அலைய வேண்டியிருந்தால் கூடப் போங்கள். மனநல மருத்துவரிடம் முதல் தடவை போகிறவருக்கு வாசல்வரை ஆள் வேண்டும். பைக்கை எடுத்துக்கொண்டு நீங்களே கூட்டிப்போங்கள். மூன்றாம் மாதத்திலும் ஆறாம் மாதத்திலும் போன் செய்ய இப்போதே உங்கள் செல்போனில் நினைவூட்டல் போட்டு வையுங்கள். எல்லோரும் நிறுத்தியிருக்கும் நேரம் அதுதான்.